சிறு திரையில் ஒரு கணித வகுப்பு

தென்னாப்பிரிக்காவின் ஸ்டெல்லன்போஷ் நகரிலிருந்து 2005-இல் 'மிக்ஸிட்' என்னும் உரையாடற் செயலி வெளிவந்தது. பொத்தான்கள் கொண்ட எளிய கைப்பேசியிலும் அது இயங்கிற்று. குறுஞ்செய்திக்கு ஒவ்வொன்றாகக் கட்டணம். இதிலோ செல்லும் எழுத்துகளின் அளவுக்கே கட்டணம். ஆதலின் ஏழை இளைஞரும் அதனை நாடினர். பிள்ளைகள் கெடுவரெனப் பெற்றோர் அஞ்சினர். ஆனால், 2007-இல் ஆய்வாளர் லாரி பட்கெரைட் அம்மையார் அச்செயலியிலேயே 'டாக்டர் மேத்' என்னும் கணிதத் துணையைத் தொடங்கினார். பிரிட்டோரியாப் பல்கலைக்கழக மாணவர்கள், முகமறியாப் பிள்ளைகளின் ஐயங்களை எழுத்திலேயே தீர்த்தனர். திறன்பேசிகள் பெருகவே, 2015-இல் மிக்ஸிட்டின் வாணிகம் நின்றது. ஆயினும், வீட்டில் ஆசானில்லாத பிள்ளைக்கு மாலையில் விடையளித்த அச்சிறு திரையை வரலாறு மறத்தலாகாது என்பேன்.