கீத்து அன்னா ஜோஸ்

கீத்து அன்னா ஜோஸ் (பிறப்பு: 1985) இந்தியக் கூடைப்பந்தாட்ட வீராங்கனை ஆவார். இவர் கேரளத்தின் கோட்டயம் மாவட்டத்தில் பிறந்தார். முதலில் கைப்பந்து ஆடினார். சங்கனாச்சேரி அசம்ப்சன் கல்லூரியில் படித்தார். சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட தென்னக இரயில்வேயில் பணியாற்றி அதன் அணிக்கு ஆடினார். இந்திய அணிக்குத் தலைவராகவும் இருந்தார்.

அக்காலத்தில் இந்தியாவில் பெண்களுக்கெனத் தொழில்முறைக் கூடைப்பந்துப் போட்டித்தொடர் இல்லை. வீராங்கனைகள் பலருக்கு வருமானம் தந்தது இரயில்வே போன்ற நிறுவனங்களின் வேலை. தொழில்முறையில் ஆட விரும்பியவர் வெளிநாடு செல்ல வேண்டியிருந்தது.

2006 முதல் 2008 வரை கீத்து ஆஸ்திரேலியாவின் ரிங்வுட் ஹாக்ஸ் அணிக்கு ஆடினார். ஆஸ்திரேலிய அணியொன்றில் ஆடிய முதல் இந்தியப் பெண் இவரே. 2011-இல் அமெரிக்கப் பெண்கள் தேசியக் கூடைப்பந்துச் சங்கத்தின் சிகாகோ, லாஸ் ஏஞ்சல்ஸ், சான் அன்டோனியோ அணிகள் இவரைத் தேர்வாட்டத்துக்கு அழைத்தன. ஒப்பந்தம் கிடைக்கவில்லை. எனினும் அந்த வாசல்வரை சென்ற முதல் இந்தியப் பெண் என்ற பெருமை இவருக்கு உண்டு. 2014-இல் அர்ஜுனா விருது பெற்றார்.