இருபது வயதில் மூடிய கணக்கு: சிவராமகிருஷ்ணனும் மணிக்கட்டுச் சுழலின் பருவமும்

லக்ஷ்மண் சிவராமகிருஷ்ணனைப் பற்றிப் பேச்செடுத்தால் நம்மவர்களிடம் ஒரு தீர்ப்பு ஆயத்தமாக இருக்கும்: பிஞ்சிலே பழுத்தது, வெம்பிப்போயிற்று. சின்ன வயதில் வந்த புகழ் தலைக்கேறியது, கட்டுப்பாடு போதவில்லை, கையிலிருந்த வித்தையைத் தானே தொலைத்தார் என்பது அதன் விரிவுரை. நாற்பதாண்டுகளாகச் சொல்லப்பட்டுவரும் இந்தத் தீர்ப்பு தவறானது என்பதே இக்கட்டுரையின் வாதம். அவருடைய ஆட்டப் பதிவை அவர் வயதோடும், அவர் கையாண்ட கலையின் இயல்போடும் சேர்த்து வைத்துப் படித்தால் வேறொரு சித்திரம் கிடைக்கிறது. லெக் ஸ்பின் முதிர்வதற்கு வேண்டிய காலத்தை இந்திய கிரிக்கெட் அவருக்குத் தரவில்லை. இடறி விழுந்த பையனைக் கைதூக்கிவிடும் ஏற்பாடும் அன்று அதனிடம் இருக்கவில்லை.

1965 டிசம்பர் 31 அன்று சென்னையில் பிறந்தவர். 1981-82 ரஞ்சிப் பருவத்தில் தமிழ்நாட்டுக்காகக் களமிறங்கியபோது வயது பதினாறு. டெல்லிக்கு எதிரான அந்த முதல் ஆட்டத்திலேயே 28 ரன்னுக்கு 7 விக்கெட் வீழ்த்தினார். 1983 ஏப்ரலில் ஆன்டிகுவாவில் டெஸ்ட் ஆடவந்தபோது 17 வயது 118 நாள். அதற்கு முன் அவ்வளவு சின்ன வயதில் இந்தியாவுக்கு டெஸ்ட் ஆடியவர் எவருமில்லை. கடைசி டெஸ்ட் 1986 ஜனவரி 2 அன்று சிட்னியில் தொடங்கியது. அன்று அவருக்கு இருபது நிரம்பி இரண்டே நாள். மொத்தம் 9 டெஸ்ட், 26 விக்கெட், சராசரி 44.03. 1987 உலகக் கோப்பையோடு ஒருநாள் ஆட்டங்களும் முடிந்தன. அப்போது வயது 21.

இந்த வயதுக் கணக்கை லெக் ஸ்பின்னின் உடற்கூற்றோடு பொருத்திப் பார்க்க வேண்டும். ஆஃப் ஸ்பின்னர் பந்தை ஆள்காட்டி விரலால் திருகுகிறார். மணிக்கட்டு பெரும்பாலும் விரலுக்குத் துணை நிற்கிறது. லெக் ஸ்பின்னரின் பிடியில் மோதிர விரல் தையலின்மேல் மடங்கிக் கிடக்கும். பந்து கையைவிட்டுப் பிரியும் கணத்தில் மணிக்கட்டு பின்னிருந்து முன்னே சுழன்று வர, அந்த விரல் பந்தை உருட்டித் தள்ளும். மணிக்கட்டின் கோணம் கொஞ்சம் மாறினால் டாப் ஸ்பின், இன்னும் கொஞ்சம் மாறினால் கூக்ளி. பிடியை விடும் நேரம் கண்ணிமைப்பொழுது முந்தினால் ஃபுல் டாஸ், பிந்தினால் பாதி ஆடுகளத்தில் விழும் குட்டைப் பந்து. தோளும் முதுகும் இன்னும் வளர்ந்துகொண்டிருக்கும் பதினேழு வயதுப் பையனுக்கு இந்த நேரம் மாதத்துக்கு மாதம் மாறும். நேற்று உடம்புக்குத் தெரிந்திருந்தது இன்று மறந்துபோகும். பயிற்சி வலையில் நாள்கணக்கில் வீசிவீசி மீட்டெடுக்க வேண்டிய ஒன்றை அவர் உலகத்தின் கண்முன்னால் மீட்டெடுக்க வேண்டியிருந்தது.

44.03 என்ற சராசரி ஒரு பெரிய உண்மையை மறைக்கிறது. 1984 நவம்பர் இறுதியில் பம்பாய் வான்கடேயில் இங்கிலாந்துக்கு எதிரான முதல் டெஸ்ட் தொடங்கியது. கிரேம் ஃபவுலரைத் தன் பந்திலேயே தானே பிடித்து முதல் டெஸ்ட் விக்கெட்டை எடுத்த சிவா, முதல் இன்னிங்ஸில் 64 ரன்னுக்கு 6, இரண்டாவதில் 117 ரன்னுக்கு 6 என்று 12 விக்கெட்டுகளை அள்ளினார். மூன்றாண்டுகளாக ஒரு டெஸ்டும் வெல்லாதிருந்த இந்தியா 8 விக்கெட் வித்தியாசத்தில் வென்றது. அடுத்து டெல்லியில் முதல் இன்னிங்ஸிலேயே 99 ரன்னுக்கு 6. தொடரின் முதல் மூன்று இன்னிங்ஸ்களில் 18 விக்கெட்! அதே தொடரின் மீதிப் பகுதி முழுக்க அவருக்குக் கிடைத்தவை ஐந்தே. அந்தத் தொடருக்கு வெளியே ஆடிய டெஸ்ட்களில் எல்லாம் சேர்த்துக் கிடைத்தவை மூன்றே விக்கெட்.

நடுவில் என்ன நடந்தது என்பதற்கான விடை பம்பாய் ஸ்கோர் அட்டையிலேயே இருக்கிறது. இங்கிலாந்தின் இரண்டாவது இன்னிங்ஸில் மைக் கேட்டிங் 136 ரன் எடுத்தார். தோற்ற ஆட்டத்தின் சதம் என்பதால் அன்று யாரும் அதைப் பெரிதாகக் கொண்டாடவில்லை. என் பார்வையில் அந்தத் தொடரின் போக்கைத் தீர்மானித்த இன்னிங்ஸ் அதுதான். இந்தப் பையனை ஆட முடியும் என்று ஓய்வறையில் இருந்த மற்றவர்களுக்கு அது காட்டிவிட்டது. ஒன்றரை மாதம் கழித்து, சிவாவின் சொந்த ஊரான சென்னையில், சேப்பாக்கத்தில், அதே கேட்டிங் 207, ஃபவுலர் 201. இங்கிலாந்து 7 விக்கெட்டுக்கு 652. இந்தியா தொடரை 1-2 என்று இழந்தது. மட்டையாளர்கள் பாடம் படித்துக்கொண்டார்கள். படிக்க அவர்களுக்கு ஆளும் நேரமும் இருந்தன. பதில் பாடம் படிக்க வேண்டிய பத்தொன்பது வயதுக்காரருக்குச் சொல்லித்தர அணியில் யார் இருந்தார்? 1980-களின் இந்திய அணியோடு ஒரு மேலாளர் பயணம் செய்வார். பந்துவீச்சுக்கென்று தனிப் பயிற்சியாளர் கிடையாது. சென்னையிலேயே வி.வி. குமார் என்ற தேர்ந்த லெக் ஸ்பின்னர் இருந்தார். ரஞ்சியில் 400-க்கும் மேல் விக்கெட் எடுத்தவர், அவருக்கே வாய்த்தவை இரண்டு டெஸ்ட்கள்தாம். அந்த அறிவை ஓர் இளைஞனிடம் முறையாகக் கொண்டுசேர்க்கும் வழி எதையும் அன்றைய அமைப்பு வகுத்திருக்கவில்லை.

வித்தை வற்றிவிட்டது என்ற வாதமும் நிற்காது. அந்த இங்கிலாந்துத் தொடர் முடிந்த சில வாரங்களில், ஆஸ்திரேலியாவில் உலக சாம்பியன்ஷிப் போட்டி. 1985 மார்ச் 10, மெல்போர்னில் மின்விளக்கொளியில் பாகிஸ்தானுக்கு எதிரான இறுதியாட்டம். 48 ரன்னில் நிற்கிறார் ஜாவேத் மியாந்தாத். சுழலைக் காலால் படிப்பவர்; பந்து விழுமிடத்துக்கு இறங்கி நடந்துவந்து ஆடுபவர். அவர் இறங்கினார். சிவா பந்தைத் தூக்கிப் போட்டார். மேலே ஏறி, மியாந்தாத் எதிர்பார்த்த இடத்துக்குச் சற்று முன்னமே விழுந்து, ஆஃப் திசைக்குத் திரும்பி மட்டையைக் கடந்தது அந்த லெக் பிரேக். சதானந்த் விஸ்வநாத் ஸ்டம்பைத் தட்டியபோது மியாந்தாத் திரும்பி வரவே வழியில்லை. மட்டையாளரின் எண்ணத்தைப் படித்து, பந்து காற்றில் இருக்கும்போதே அவரை ஏமாற்றிய வேலை அது. வெம்பிய காய்க்கு இது கைவராது. இந்தியா 8 விக்கெட் வித்தியாசத்தில் கோப்பையை வென்றது. அத்தோடு கவாஸ்கர் தலைமையிலிருந்து விலக, கபில்தேவ் மீண்டும் தலைவரானார். லெக் ஸ்பின்னருக்குத் தலைவர்தான் பாதி உயிர்: இரண்டு பவுண்டரி போனதும் பந்தைப் பிடுங்காதவர், மிட் விக்கெட்டைக் காலியாக விட்டு ஆசைகாட்டச் சொல்பவர். அந்த உறவு அடுத்த தொடர்களில் சிவாவுக்கு அமையவில்லை என்றே அவருடைய எண்கள் காட்டுகின்றன.

சின்ன வயதில் சுழல் முதிராது என்ற வாதத்துக்கு மறுப்பாக டேனியல் வெட்டோரியைச் சொல்லலாம். பதினெட்டு வயதில் டெஸ்ட் ஆடத் தொடங்கி 362 விக்கெட் எடுத்தவர். அவர் விரலால் சுழற்றுபவர். மேலே சொன்ன பருவச் சிக்கல் அவருக்கு அவ்வளவு கடுமையில்லை. ரஷீத் கான் இதைவிட வலுவான மறுப்பு: பதினேழு வயதில் ஆப்கானிஸ்தானுக்காக ஆடவந்த மணிக்கட்டுச் சுழலர், இருபது வயதில் டெஸ்ட் தலைவராகச் சட்டோகிராமில் வங்கதேசத்துக்கு எதிராக 11 விக்கெட் வீழ்த்தியவர். ஆனால் அவர் பெரும்பாலும் வளர்ந்தது ஓர் ஆட்டத்துக்கு 24 பந்து மட்டும் வீசும் வடிவத்தில். அங்கே மட்டையாளர் அடித்தே ஆக வேண்டும். நான்கு மணி நேரம் நின்று பந்துவீச்சாளரைப் பாடமாகப் படிக்க ஒரு கேட்டிங்குக்கு இடமில்லை. இந்தியாவுக்குள்ளேயே நரேந்திர ஹிர்வானியைப் பாருங்கள். 1988 ஜனவரியில் சேப்பாக்கத்தில், பத்தொன்பது வயதில், முதல் டெஸ்டிலேயே மேற்கிந்தியத் தீவுகளுக்கு எதிராக 16 விக்கெட். முதல் நான்கு டெஸ்ட்களில் 36. பின்பு ஆடிய பதின்மூன்றில் 30. இருவரின் வரைபடமும் ஒரே வடிவம். இருவருக்கும் ஒரே ஒழுக்கக் குறைபாடு இருந்தது என்று சொல்லப்போகிறோமா?

ஒழுக்கப் பேச்சுக்கு இன்னொரு பக்கமும் உண்டு. தோல் நிறத்துக்காக வாழ்நாள் முழுக்கப் பாகுபாட்டை அனுபவித்ததாக 2021-இல் சிவாவே பொதுவெளியில் எழுதினார். பெரியவர்களின் அணியில், வீட்டைவிட்டு நெடுந்தொலைவில் இருந்த ஒரு பதின்வயதினன் அந்த வலியைச் சுமந்துகொண்டு ஆடியிருக்கிறான். அவன் நடத்தையை மதிப்பிட்டவர்களின் கணக்கில் இந்த வரி இல்லை. அதைச் சேர்த்து எழுதுவது ஆய்வாளரின் கடமை என்று கருதுகிறேன்.

ஒப்பீட்டுக்கு ஓர் ஆளை மட்டும் சொல்கிறேன். சிவாவின் கடைசி டெஸ்ட் தொடங்கி சரியாக ஆறாண்டு கழித்து, 1992 ஜனவரி 2 அன்று, அதே சிட்னியில், இந்தியாவுக்கு எதிராக ஷேன் வார்ன் முதல் டெஸ்ட் ஆடினார். வயது 22. சிவாவின் சர்வதேச வாழ்வு முழுவதும் முடிந்துபோன வயதை வார்ன் அப்போதே தாண்டியிருந்தார். அந்த ஆட்டத்தில் 150 ரன் கொடுத்து 1 விக்கெட். அந்த ஒரே விக்கெட், 206 எடுத்த ரவி சாஸ்திரி. அடுத்து அடிலெய்டில் 78 ரன், விக்கெட் இல்லை. கொழும்பில் முதல் இன்னிங்ஸில் 107, விக்கெட் இல்லை. ஆக 335 ரன்னுக்கு ஒரே விக்கெட். அந்த நிலையிலும் அவர் பக்கத்தில் டெர்ரி ஜென்னர் என்ற முன்னாள் லெக் ஸ்பின்னர் ஆசானாக இருந்தார். தலைவர் ஆலன் பார்டர் கொழும்பின் இரண்டாவது இன்னிங்ஸில், இலங்கை வெற்றியை நெருங்கிக்கொண்டிருந்தபோது, பந்தை மறுபடியும் அவரிடமே கொடுத்தார். 11 ரன்னுக்கு 3 விக்கெட். ஆஸ்திரேலியா 16 ரன்னில் வென்றது. பத்து மாதம் கழித்து, 1993 ஜூனில், மான்செஸ்டரில் அவர் இங்கிலாந்து மண்ணில் வீசிய முதல் டெஸ்ட் பந்து லெக் ஸ்டம்புக்கு வெளியே விழுந்து ஆஃப் ஸ்டம்பைத் தட்டியது. மட்டையோடு திகைத்து நின்றவர் மைக் கேட்டிங்.