நிலநடுக்க முன்கணிப்பு: தாமிரபரணிப் பள்ளத்தாக்கு

நிலநடுக்கம் எங்கே, எப்போது, எவ்வளவு வலிமையோடு நிகழும் என்று முன்கூட்டியே சொல்வது நிலநடுக்க முன்கணிப்பு. மூன்றையும் சேர்த்து நம்பத்தக்கபடி சொல்லும் முறை இன்றுவரை உலகில் எங்கும் இல்லை.

தாமிரபரணி பாயும் திருநெல்வேலி வட்டாரம் அபாயம் குறைந்த பகுதி. ஆனால் அசையாத பகுதி அல்ல. 1900 பிப்ரவரி 8இல் கோயம்புத்தூர் அருகே ஏற்பட்ட, சுமார் 6 அளவுள்ள நிலநடுக்கம் தென்னிந்தியாவின் பெரும்பகுதியில் உணரப்பட்டது. 2024 செப்டம்பரில் அம்பாசமுத்திரம், பாபநாசம் வட்டார மக்கள் அதிர்வை உணர்ந்ததாகக் கூறினர். அரிதாக நடுங்கும் நிலத்தில்தான் கணிப்பு மேலும் கடினம். ஒப்பிட்டுப் பார்க்கப் பழைய பதிவுகள் மிகக் குறைவு. மலையடிவாரத்தில் பாபநாசம், மணிமுத்தாறு அணைகள் இருப்பதால், நீர்த்தேக்கம் தூண்டியதாகக் கருதப்படும் மகாராஷ்டிரத்தின் கொய்னா நிலநடுக்கமும் (1967, அளவு 6.3) இங்கு நினைவில் கொள்ளத்தக்கது.

முன்னறிகுறி தேடும் முயற்சியில் புவிக்காந்தத்துக்குத் தனி இடம் உண்டு. 1989இல் கலிபோர்னியாவின் லோமா பிரியேட்டா நிலநடுக்கத்துக்கு முன் காந்தப்புலம் வழக்கத்துக்கு மாறாக அலைபாய்ந்ததாக ஒரு கருவி காட்டியது. உலகெங்கும் நம்பிக்கை பிறந்தது. 2009இல் வெளிவந்த மறு ஆய்வு, அது கருவிக் கோளாறாகவே இருக்கக்கூடும் என்றது. இத்தகைய அறிகுறியைப் பிரித்தறிவது எவ்வளவு சிக்கல் என்பதற்குத் திருநெல்வேலி வானமே சான்று. புவிக்காந்த நடுக்கோடு இப்பகுதியை ஒட்டிச் செல்வதால், சுமார் 100 கி.மீ. உயரத்தில் பகல்தோறும் வலுவான மின்னோட்டம் பாய்கிறது. திருநெல்வேலி அருகே கிருஷ்ணாபுரத்தில் உள்ள இந்தியப் புவிக்காந்தவியல் நிறுவனத்தின் ஆய்வகம் இதைத் தொடர்ந்து ஆராய்கிறது. சூரியனால் நாளும் நேரும் இந்த ஏற்ற இறக்கத்துக்கு நடுவே பாறையிலிருந்து வரும் மெல்லிய சமிக்ஞையைக் கண்டதாகச் சொல்ல, மிக வலுவான ஆதாரம் வேண்டும்.

உயிர்காக்கும் முன்னேற்றம் வேறு திசையில் வந்தது. 2004 டிசம்பர் 26 காலை சுமத்ரா அருகே 9.1 அளவில் நிலம் நடுங்கியது. ஆழிப்பேரலை தமிழகக் கரையை அடைய இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகியும் மக்களை எச்சரிக்க ஏற்பாடு இல்லை. 2007 அக்டோபரில் ஐதராபாத்தில் சுனாமி எச்சரிக்கை மையம் தொடங்கியது. நடந்துவிட்ட நிலநடுக்கத்தைச் சில நிமிடங்களில் அளந்து, தாமிரபரணி கடலில் கலக்கும் புன்னைக்காயல் போன்ற ஊர்களுக்கு ஆபத்து உண்டா என்று சொல்வதே அதன் பணி. 2012 ஏப்ரல் 11இல் சுமத்ராவுக்கு அப்பால் 8.6 அளவில் நடுங்கியபோது எச்சரிக்கை உடனே வந்தது. கடல்தளம் பெரும்பாலும் பக்கவாட்டில் நகர்ந்ததால் பேரலை எழவில்லை.