பூமி வகுத்த எல்லைகள்

உலகப் படத்தை விரித்துப் பாருங்கள். நாடுகளைப் பிரிக்கும் கோடுகள் தெரியும். அவை மனிதன் போட்டவை. போர் வந்தால் மாறிவிடும். பூமியின் மேலோடும் பல தட்டுகளாகப் பிரிந்திருக்கிறது. அத்தட்டுகளின் எல்லைகளில் பெரும்பகுதி கடலுக்கடியில் மறைந்திருக்கிறது. அவற்றை மனிதன் எவ்வாறு கண்டுகொண்டான்?

கண்டங்கள் நகர்கின்றன என்று ஜெர்மானியரான ஆல்பிரட் வெக்னர் 1912-ல் கூறினார். ஆனால் நகர்த்தும் விசை எது என்ற கேள்விக்கு ஏற்கத்தக்க விடையை அவரால் தர இயலவில்லை. 1930-ல் கிரீன்லாந்துப் பனியில் அவர் மாண்டார். அறிஞர்கள் பலர் அவரது கருத்தைக் கைவிட்டனர்.

விலகும் எல்லை

1952-ல் அமெரிக்காவின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் மேரி தார்ப் என்ற பெண்மணி அட்லாண்டிக் கடல்தரையைப் படமாக வரைந்துகொண்டிருந்தார். கப்பலிலிருந்து ஒலியைச் செலுத்தி, எதிரொலி திரும்பும் நேரத்தை அளப்பார்கள். கடல்நீரில் ஒலி வினாடிக்குச் சுமார் 1,500 மீட்டர் செல்லும். எதிரொலி வர 4 வினாடி ஆனால், ஒலி போய்வந்த தொலைவு 6,000 மீட்டர். ஆழம் அதில் பாதி, அதாவது 3,000 மீட்டர். பெண்களை ஆய்வுக் கப்பலில் ஏற்றாத காலம் அது. புரூஸ் ஹீசன் முதலியோர் கடலில் எடுத்த அளவுகளைக் கொண்டு தார்ப் கரையிலிருந்தே படம் வரைந்தார்.

அட்லாண்டிக்கின் நடுவே மலைத்தொடர் ஒன்று இருப்பது முன்பே தெரியும். அதன் உச்சியில் நீளவாக்கில் ஒரு பள்ளத்தாக்கு ஓடுவதைத் தார்ப் கண்டார். கடல்தரை அங்கே பிளந்து விலகுகிறது என்றல்லவா அதற்குப் பொருள்! வெக்னரின் கருத்தை நினைவூட்டும் இந்த முடிவை ஹீசன் ஏற்கவில்லை. ‘பெண் பேச்சு’ என்று ஒதுக்கினார். அதே இடத்தில் ஹோவர்ட் பாஸ்டர் என்பவர் கடலடி நிலநடுக்கங்களைப் புள்ளிகளாகக் குறித்துவந்தார். இரு படங்களையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தபோது, புள்ளிகள் பள்ளத்தாக்கிலேயே வரிசையாக விழுந்தன. ஹீசன் ஒப்புக்கொண்டார்.

இந்த மலைத்தொடர் உலகக் கடல்களில் சுமார் 65,000 கிலோமீட்டர் நீள்கிறது. பிளவில் பாறைக்குழம்பு எழுந்து புதுத் தரையாக உறைகிறது. உறையும்போது அன்றைய காந்தத் திசையைத் தன்னுள் பதித்துக்கொள்கிறது. பூமியின் காந்தப்புலம் பலமுறை தலைகீழாக மாறியிருப்பதால், பிளவின் இருபுறமும் ஒரே மாதிரியான காந்தப் பட்டைகள் உருவாகின்றன. 1963-ல் வைன், மாத்யூஸ் என்ற ஆங்கிலேயர் இருவர் இதை விளக்கினர். ஐஸ்லாந்தில் இப்பிளவைத் தரையிலேயே காணலாம். அங்கே நிலம் ஆண்டுக்குச் சுமார் 2 சென்டிமீட்டர் விலகுகிறது.

நெருங்கும் எல்லை

புதுத் தரை தோன்றிக்கொண்டே இருந்தால் பூமி பருத்துவிடாதா? பழைய தரை எங்கேனும் அழிந்தாக வேண்டும். அதற்கான தடயம் ஏற்கெனவே கிடைத்திருந்தது. பசிபிக் அகழியிலிருந்து ஆசியக் கண்டத்தை நோக்கிச் செல்லச் செல்ல நிலநடுக்கங்கள் மேன்மேலும் ஆழத்தில் நிகழ்வதை ஜப்பானியரான வாடாட்டி 1930-களில் கண்டிருந்தார். அமெரிக்கரான பெனியாப் வேறு கடலோரங்களிலும் இதையே கண்டார். கடல்தட்டு சரிந்து மற்றொரு தட்டின் அடியில் புகுகிறது என்பது பின்னர் விளங்கிற்று. எல்லையில் அகழியும், அதற்குப் பின்னே எரிமலை வரிசையும் அமைகின்றன. மோதுபவை இரண்டும் கண்டங்களானால், அவை எடை குறைந்தவை ஆதலால் எளிதில் அமிழ்வதில்லை, மடிந்து உயர்கின்றன. சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் இந்தியா ஆசியாவோடு மோதத் தொடங்கியதால்தான் இமயம் எழுந்தது.

உரசும் எல்லை

1906-ல் சான்பிரான்சிஸ்கோ நிலநடுக்கத்தின்போது வேலிகளும் சாலைகளும் அறுந்து பக்கவாட்டில் விலகின. ஓரிடத்தில் விலகல் 6 மீட்டர் அளவுக்கு இருந்தது. அப்பிளவைக் கடக்கும் ஓடைகளும் ஒடிந்து திரும்பி ஓடுகின்றன. இங்கே தரை தோன்றுவதுமில்லை, அழிவதுமில்லை. இது மூன்றாம் வகை எல்லை என்று 1965-ல் கனடா நாட்டு டூசோ வில்சன் விளக்கினார். மூவகை எல்லைகளும் தொடர்ந்து பின்னிப் பூமியைப் பெருந்தட்டுகளாகப் பிரிக்கின்றன என்பதையும் அவர் எடுத்துக்காட்டினார்.

நமக்கும் ஒரு பாடம்

இவற்றுள் நெருங்கும் எல்லை ஒன்று நமக்குக் கிழக்கே, சுமத்ராவிலிருந்து அந்தமான் வரை நீள்கிறது. 2004 டிசம்பர் 26-ல் அங்கே சுமார் 1,300 கிலோமீட்டர் நீளத்துக்குப் பாறை முறிந்தது. ஏறக்குறைய இரண்டு மணி நேரம் கழித்து ஆழிப்பேரலை தமிழகக் கரையைத் தாக்கி ஆயிரக்கணக்கானோரைக் கொன்றது. அந்த எல்லையை அறிவியல் அறிந்திருந்தது. பசிபிக்கில் 1949 முதல் எச்சரிக்கை நிலையம் இயங்கிவந்தது. இந்துமாக்கடலுக்கு அப்படி ஒன்று இல்லை. ஐதராபாத்தில் நமது நிலையம் 2007-ல்தான் தொடங்கியது.

நிலையம் இருந்தாலும் நாமும் அறிந்திருக்க வேண்டும். கடற்கரையில் நிற்கும்போது நிலம் நெடுநேரம் அதிர்ந்தாலோ, கடல் திடீரென உள்வாங்கினாலோ, வேடிக்கை பார்க்காமல் உடனே மேட்டு நிலத்துக்குச் செல்லுங்கள். இதை வீட்டிலுள்ள சிறுவர்களுக்கும் சொல்லி வையுங்கள்.