ரியூகூ-ஜோ

ரியூகூ-ஜோ என்பது ஜப்பானியத் தொன்மங்களிலும் நாட்டார் கதைகளிலும் கடலுக்கு அடியில் உள்ளதாகக் கூறப்படும் கற்பனை அரண்மனை ஆகும். கடலை ஆளும் டிராகன் கடவுளான ரியூஜின் இதன் தலைவர் எனப்படுகிறார். இங்கு தங்கும் மனிதர் மூப்படைவதில்லை. ஆனால், இங்கே சில ஆண்டுகள் கழிவதற்குள் வெளியுலகில் பல நூற்றாண்டுகள் கடந்துவிடுகின்றன. இவ்வரண்மனைக்குச் சென்று திரும்பிய உராஷிமா தாரோ என்னும் மீனவனின் கதை, ஜப்பானில் மிகப் பரவலாக அறியப்பட்ட கதைகளுள் ஒன்றாகும்.

கதைச் சுருக்கம்

இன்று வழங்கும் வடிவத்தின்படி, கடற்கரையில் சிறுவர்கள் துன்புறுத்திய ஆமை ஒன்றை உராஷிமா தாரோ காப்பாற்றுகிறான். நன்றிக்கடனாக அந்த ஆமை அவனைத் தன் முதுகில் ஏற்றி ரியூகூ-ஜோவுக்கு அழைத்துச் செல்கிறது. அங்கே இளவரசி ஓட்டோஹிமே அவனை விருந்தினனாக வரவேற்கிறாள். காலம் போவதே தெரியாமல் இன்புற்றிருக்கும் அவனுக்கு ஒருநாள் பெற்றோரின் நினைவு வருகிறது. விடைபெறும்போது, எக்காரணம் கொண்டும் திறக்கலாகாது என்று கூறி, தமதேபாகோ எனப்படும் பெட்டியை இளவரசி அவனிடம் தருகிறாள். ஊர் திரும்பிய அவனால் தன் வீட்டையும் உறவினரையும் காண முடியவில்லை. அவன் புறப்பட்டு 300 ஆண்டுகள் ஆகியிருந்தன. செய்வதறியாது பெட்டியைத் திறக்கிறான். அதிலிருந்து வெண்புகை எழ, நொடியில் நரைத்த முதியவனாகிறான்.

பழைய நூல்களில்

இக்கதையின் பழமையான எழுத்துச் சான்றுகளுள் ஒன்று, 720 இல் முடிக்கப்பட்ட நிகோன் ஷோகி என்னும் வரலாற்று நூலில் உள்ளது. பேரரசர் யூரியாகுவின் 22 ஆம் ஆட்சியாண்டில் (மரபுக் கணக்கில் 478), தன்பா நாட்டைச் சேர்ந்த உராஷிமாகோ பிடித்த பெரிய ஆமை பெண்ணாக மாறியது என்றும், இருவரும் கடலுக்குள் சென்று ஹோராய் என்னும் இறவாமை நிலத்தை அடைந்தனர் என்றும் அந்நூல் குறிப்பிடுகிறது. இதில் டிராகன் அரண்மனை இடம்பெறவில்லை.

8 ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த மன்யோஷூ தொகுப்பின் 9 ஆம் பகுதியில், இக்கதையைக் கூறும் நெடும்பாடல் ஒன்று உள்ளது. அதில் அவன் செல்லுமிடம் கடற்கடவுளின் அரண்மனை ஆகும். பெட்டியைத் திறந்ததும் வெண்மேகம் வெளியேற, அவன் மூப்படைந்து இறக்கிறான். அழியாத உலகில் வாழ்ந்திருக்கக்கூடியவன் தன் அறியாமையால் அதை இழந்தான் என்பதே அப்பாடலின் முடிவு ஆகும்.

அரண்மனையில் காலம்

முரோமாச்சிக் காலத்தில் (1336–1573) உருவான ஓட்டோகிசோஷி கதை வடிவம், அரண்மனையின் நான்கு திசைகளிலும் நான்கு பருவங்கள் ஒரே நேரத்தில் நிலவுவதாக வருணிக்கிறது. கிழக்கில் வசந்தம், தெற்கில் கோடை, மேற்கில் இலையுதிர் காலம், வடக்கில் பனிக்காலம் காணப்படுகின்றன. பருவங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வராமல் அருகருகே நிற்பதால், ஆண்டு கழிவதை உணர்த்தும் அடையாளம் எதுவும் அங்கே இல்லை.

இவ்வடிவத்தில் மூன்று ஆண்டுகள் தங்கித் திரும்புபவனுக்கு வெளியே 700 ஆண்டுகள் கழிந்திருக்கின்றன. அவனுடைய வயதை ஆமையே மடித்துப் பெட்டிக்குள் வைத்திருந்தது என்றும் இக்கதை விளக்குகிறது. எனவே, அவனைப் பொறுத்தவரை காலம் அழிக்கப்படவில்லை, ஒத்திவைக்கப்பட்டது மட்டுமே. இளவரசி தரும் பரிசு அவனுக்கே உரிய ஆண்டுகள் ஆகும். அதைத் திறக்காதவரை அவன் இளைஞனாக இருக்கலாம். ஆனால் அவனை அறிந்தவர் எவரும் உயிருடன் இல்லை. பெட்டியைத் திறந்தபின் அவன் நாரையாக மாறிப் பறந்து செல்வதாக இவ்வடிவம் முடிகிறது.

ஒப்புமைக் கதைகள்

அயர்லாந்துத் தொன்மத்தில் மேற்குக் கடலுக்கு அப்பால் உள்ளதாகக் கூறப்படும் தீர் ந ஓக் என்னும் இளமை நாடும் இத்தகையதே. அங்கிருந்து 300 ஆண்டுகளுக்குப் பின் திரும்பும் ஒஷீன், குதிரையிலிருந்து விழுந்து மண்ணைத் தொட்டவுடன் முதியவனாகிறான். இரண்டு கதைகளிலும் தண்டனை அவ்வுலகில் நிகழ்வதில்லை. சொந்த ஊருக்குத் திரும்பிய பின்னரே நிகழ்கிறது.

பிற்காலத் தாக்கம்

* 1911 இல் வெளியான ஜப்பானிய அரசுப் பள்ளிப் பாடல் நூலில் உராஷிமா தாரோ பற்றிய பாடல் இடம்பெற்றது.
* எழுத்தாளர் ஒசாமு தசாய் 1945 இல் வெளியிட்ட ஓட்டோகிசோஷி என்னும் நூலில் இக்கதையை மறுஆக்கம் செய்தார்.
* மிகுவேகத்தில் பயணம் செய்பவருக்குக் காலம் மெதுவாகக் கழியும் என்னும் சார்பியல் விளைவு, ஜப்பானில் "உராஷிமா விளைவு" என்றும் வழங்கப்படுகிறது.
* 1999 இல் கண்டறியப்பட்ட சிறுகோள் ஒன்றுக்கு 2015 இல் ரியூகு எனப் பெயரிடப்பட்டது. ஹயபுசா2 விண்கலம் அங்கிருந்து எடுத்த ஏறத்தாழ 5.4 கிராம் மாதிரிகளை மூடிய கலத்தில் வைத்து 2020 டிசம்பரில் புவிக்கு அனுப்பியது. சூரியக் குடும்பம் தோன்றிய காலத்துப் பொருள்கள் அம்மாதிரிகளில் பெரிதும் மாறாமல் இருந்தன. கதையைப் போலன்றி, இந்தப் பெட்டி திறப்பதற்காகவே கொண்டுவரப்பட்டது.