ஜாமீன் தொகை முதல் தகவல் சரிபார்ப்பகம் வரை: செட்டிநாட்டிலிருந்து ஒரு பார்வை

அரசும் பத்திரிகையும் மோதிய கதையைத் தணிக்கையின் கதையாகவே எழுதிவருகிறோம். எதை அச்சிடக்கூடாது என்று அரசு தடுத்தது என்பதே அதில் மையம். செய்தி உண்மையா என்று கேட்கும் உரிமையை யார் வைத்திருந்தார்கள் என்ற கேள்வி ஓரமாகவே நின்றுவிட்டது. இந்தக் கட்டுரை அதைத்தான் பின்தொடர்கிறது. இடம் காரைக்குடி, தேவகோட்டை வட்டாரம். காலம் 1920 முதல் 2024 வரை.

செட்டிநாட்டில் சரியான செய்திக்கு ரொக்க மதிப்பு இருந்தது. 1930களின் இறுதியில் கீழ்ப் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் விளைநிலத்தில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு, இவ்வட்டாரத்தின் வட்டித்தொழில் சமூகமான நகரத்தார் கைக்கு வந்திருந்தது. ரங்கூனில் நெல் விலை என்ன, மலாயாவில் ரப்பர் எப்படிப் போகிறது, கொழும்பில் எந்தக் கடை நொடித்தது என்பவற்றில் பிழை நேர்ந்தால் வட்டிக்கடையின் பெட்டியடிப் பையன் முதல் முதலாளிவரை அடி வாங்குவார்கள். இந்த மண்ணில்தான் 1917இல் இந்து மதாபிமான சங்கம் தோன்றியது. 1919இல் பாரதி வந்து படம் எடுத்துக்கொண்டதும் அதன் அழைப்பில்தான். அடுத்த ஆண்டு ‘தனவைசிய ஊழியன்’ இதழ் வந்தது. பின்னர் ‘ஊழியன்’ எனப் பெயர் சுருங்கி, ராய. சொக்கலிங்கத்தின் பொறுப்பில் நெடுங்காலம் நடந்தது. புதுமைப்பித்தன்கூடச் சில நாள் அங்கே உதவியாசிரியராக இருந்தார். சொ. முருகப்பாவின் ‘குமரன்’, 1936இல் மு. மரகதவல்லியை ஆசிரியராகக் கொண்டு வந்த ‘மாதர் மறுமணம்’ என்று ஒரு சிற்றூருக்கு மிஞ்சிய எண்ணிக்கையில் இதழ்கள் அச்சேறின.

‘தனவைசிய ஊழியன்’ தொடங்கியபோது நடப்பிலிருந்தது 1910ஆம் ஆண்டு அச்சகச் சட்டம். புதிதாக அச்சகம் வைப்பவரிடம் 500 ரூபாய் முதல் 2,000 ரூபாய் வரை ஜாமீன் கேட்க மாஜிஸ்ட்ரேட்டுக்கு அதிகாரம் உண்டு. எழுதியது அரசுக்கு உவப்பாக இல்லையென்றால் தொகை பறிபோகும். மறுபடி கட்ட வேண்டியது அதைவிடப் பெரிய தொகை. சென்னையில் அன்னி பெசன்ட் நடத்திய ‘நியூ இந்தியா’ 1916இல் கட்டிய 2,000 ரூபாயை இழந்தது. அடுத்துக் கேட்கப்பட்டது 10,000. கவனிக்க வேண்டியது ஒன்று: இந்தச் சட்டத்தில் செய்தி உண்மையா பொய்யா என்பது விவாதமே அல்ல. அரசின்மீது வெறுப்பை வளர்க்கிறதா என்பதுதான் கேள்வி. ராஜத்துரோகப் பிரிவான 124ஏ-யிலும், நான் எழுதியது மெய்தான் என்று சொல்லி ஒருவர் தப்பியிருக்க முடியாது. உண்மையை நிர்ணயிக்கும் வேலையைக் காலனி அரசு தன் தலையில் போட்டுக்கொள்ளவில்லை. பெருந்தன்மை அல்ல, அதற்கு அது தேவைப்படவில்லை, அவ்வளவுதான்.

1942இல் நிலைமை மாறுகிறது. அந்த ஏப்ரலில் ஜப்பானியக் கடற்படை வருகிறது என்ற தவறான தகவலை நம்பிச் சென்னை மாகாண அரசே அலுவலகங்களை உள்நாட்டு ஊர்களுக்குக் கிளப்பியது. சென்னை நகரம் காலியானது. வதந்தி பரப்பினால் தண்டனை என்று குடிமக்களை மிரட்டிக்கொண்டிருந்த அரசே வதந்திக்கு இரையானது இந்த வரலாற்றின் சுவையான பக்கம். நான்கு மாதம் கழித்து, காங்கிரஸின் ‘வெள்ளையனே வெளியேறு’ தீர்மானத்தையொட்டி, இந்தியப் பாதுகாப்பு விதிகளின்கீழ் ஓர் உத்தரவு வந்தது. அந்த இயக்கம் பற்றிய நடப்புச் செய்திகளை அரசு வட்டாரமோ, அசோசியேட்டட் பிரஸ், யுனைடெட் பிரஸ், ஓரியண்ட் பிரஸ் ஆகிய மூன்று முகமைகளோ தந்தால்தான் வெளியிடலாம். இல்லையேல், செய்தியாளர் அந்தப் பத்திரிகையின் நிரந்தர ஊழியராகவும் மாவட்ட மாஜிஸ்ட்ரேட்டிடம் பெயர் பதிந்தவராகவும் இருக்க வேண்டும். 1910இல் ‘என்ன நோக்கம்’ என்று கேட்ட அரசு, இப்போது ‘யார் சொன்னது’ என்று கேட்டது.

இதன் விளைவை, அன்று செட்டிநாடு அடங்கியிருந்த இராமநாதபுரம் மாவட்டத்தில் அருகிலிருந்தே பார்க்கலாம். அதே ஆகஸ்டில் தேவகோட்டை நீதிமன்றம் எரிந்தது; துப்பாக்கிச் சூடு நடந்தது. பேசியதற்காகக் கைதான விடுதலைப் போராட்டக்காரர் சின்ன அண்ணாமலையைத் திருவாடானைச் சிறையை உடைத்து மக்கள் வெளியே கொண்டுவந்தார்கள். சம்பவத்தைக் கண்ணால் கண்ட உள்ளூர்க்காரர் ஒருவர் பத்திரிகைக்கு எழுத நினைத்தால், துப்பாக்கிச் சூட்டுக்கு உத்தரவிடும் அதே நிர்வாகத்தின் பதிவேட்டில் முதலில் பெயர் ஏற வேண்டும். நேரில் கண்டவன் சாட்சியில்லை, அறிக்கை எழுதியவனே சாட்சி. ‘இந்தியன் எக்ஸ்பிரஸ்’ போன்ற பத்திரிகைகள் இந்த நிபந்தனையின்கீழ் வருவதைவிட நிறுத்திவிடுவது மேல் என்று சில காலம் நின்றன. சின்ன அண்ணாமலை பிற்காலத்தில் தம் நினைவுகளை நூலாக்கியபோது வைத்த தலைப்பு ‘சொன்னால் நம்பமாட்டீர்கள்’.

நெருக்கடிநிலைக் காலத்தைப் பலர் எழுதிவிட்டார்கள். இங்கே ஒன்று போதும்: 1976 பிப்ரவரியில் நான்கு செய்தி முகமைகளை ஒன்றாக்கி ‘சமாச்சார்’ உருவானது. 1942இன் உத்தரவு மூன்று முகமைகளையாவது ஒப்புக்கொண்டிருந்தது.

சரிபார்ப்புக்குப் பழைய தாள் வேண்டும் என்பதால் கோட்டையூரையும் சொல்லியாக வேண்டும். விளம்பரப் பலகை எழுதிப் பிழைத்த ரோஜா முத்தையா செட்டியார், காரைக்குடியை ஒட்டிய அந்த ஊரில் நூல், இதழ், துண்டறிக்கை, கல்யாணப் பத்திரிகை எனச் சுமார் ஒரு லட்சம் உருப்படிகளைச் சேர்த்துவைத்தார். அவர் 1992இல் மறைந்தபின் சிகாகோ பல்கலைக்கழகம் அத்தொகுப்பை வாங்கியது. அது சென்னையில் ஆய்வு நூலகமானது. அரசு எதைப் பாதுகாக்கும், எதைக் கழித்துக்கட்டும் என்ற பட்டியலுக்கு வெளியே நின்ற சேகரம் அது. அதன் மதிப்பு அங்கேதான் இருக்கிறது.

உண்மை சரிபார்த்தல் தனித்தொழிலாக இந்தியாவில் தலையெடுத்தது 2010களில். 2017இல் பிரதீக் சின்காவும் முகமது சுபேரும் ‘ஆல்ட் நியூஸ்’ தொடங்கினார்கள். தமிழில் ‘யூடர்ன்’ வந்தது. 2022 ஜூன் 27 அன்று சுபேர் 2018ஆம் ஆண்டின் ஒரு ட்வீட்டுக்காகக் கைதானார். உத்தரப் பிரதேசத்தில் அடுத்தடுத்து வழக்குகள் விழுந்தன. ஜூலை 20இல் உச்ச நீதிமன்றம் ஜாமீன் தந்தது. இனி அவர் ட்வீட் போடக்கூடாது என்ற அரசுத் தரப்பு வேண்டுகோளை ஏற்கவில்லை. இதுவரை பழைய பாணிதான்.

புதியது 2023 ஏப்ரல் 6இல் வந்தது. தகவல் தொழில்நுட்ப விதிகளில் செய்த திருத்தம், மத்திய அரசின் அலுவல் குறித்த பதிவு எதையும் ‘போலி, பொய், திசைதிருப்புவது’ என்று குறிக்கும் அதிகாரத்தை அரசே அமைக்கும் பிரிவுக்குத் தந்தது. குறிக்கப்பட்டதை நீக்காத தளம் சட்டப் பாதுகாப்பை இழக்கும் என்றது அது. நகைச்சுவைக் கலைஞர் குணால் கம்ரா உள்ளிட்டோர் பம்பாய் உயர் நீதிமன்றம் போனார்கள். 2024 ஜனவரியில் நீதிபதிகள் ஜி.எஸ். படேலும் நீலா கோகலேயும் மாறுபட்டார்கள். மார்ச் 20இல் பத்திரிகைத் தகவல் அலுவலகத்தின் பிரிவுக்கு அந்த அதிகாரம் அறிவிக்கப்பட்டது. மறுநாளே உச்ச நீதிமன்றம் நிறுத்திவைத்தது. செப்டம்பரில் மூன்றாம் நீதிபதி ஏ.எஸ். சந்தூர்கர் படேல் பக்கம் சாய, திருத்தம் செல்லாததாயிற்று. செய்தியின் நோக்கத்தையும் அது வந்த வழியையும் கேட்டுவந்த அரசு, முதல்முறையாக உண்மையையே தன் துறையாக்கிக்கொள்ள முயன்றது இதில்தான்.

டெல்லியைக் கண்டிப்பது நமக்கு எளிது. 2023 மார்ச்சில் பீகார்த் தொழிலாளர்கள் தமிழ்நாட்டில் தாக்கப்படுவதாகப் பொய்க் காணொளிகள் பரவியபோது, அரசும் காவல் துறையும் உடனே மறுத்தது தேவையான வேலை. அதே ஆண்டின் பிற்பகுதியில் தமிழ்நாடு அரசு தனக்கென ஒரு தகவல் சரிபார்ப்பகத்தை அமைத்து, ‘யூடர்ன்’ ஐயன் கார்த்திகேயனைத் தலைமையேற்க வைத்தது. திறமையில் குறை சொல்ல முடியாது. இக்கட்டு இருப்பது நாற்காலியில். புலம்பெயர் தொழிலாளர் பற்றிய பொய்யை இந்த அலுவலகம் உடைக்கலாம். காரைக்குடியில் ஒரு பாதாளச் சாக்கடைப் பணி முடிந்துவிட்டதென்று அமைச்சர் பேசி, இல்லையென்று தெருவாசி ஒரு காணொளி போட்டால், அதே அலுவலகம் யாருடைய கூற்றைச் சரிபார்க்கும்? தன் வழக்கில் தானே நீதிபதியாவது பற்றி படேல் எழுப்பிய ஐயம் மாநில அரசு அமைத்த அலுவலகத்துக்கும் அப்படியே பொருந்துகிறது. அந்த ஐயத்துக்குத் தமிழ்நாட்டில் எவரும் பதில் சொன்னதாக எனக்குத் தெரியவில்லை.