நான்காம் பிரிவின் முன்வரலாறு: அண்டார்க்டிகா உடன்படிக்கை அறிவியலின் கொடையா?

அண்டார்க்டிகா உடன்படிக்கை அமெரிக்க செனட்டின் ஒப்புதலுக்கு வந்தபோது, 1960இல் அதன் அயலுறவுக் குழுவின் முன் ஆதரவுச் சாட்சியம் அளித்தவர்களுள் லாரன்ஸ் கூல்ட் குறிப்பிடத்தக்கவர். அவர் நிலவியலாளர், 1928–30 பேர்ட் பயணத்தில் இரண்டாம் தலைவராக இருந்தவர், பன்னாட்டுப் புவி இயற்பியல் ஆண்டுக்கான அமெரிக்க அண்டார்க்டிகக் குழுவுக்குத் தலைமை ஏற்றவர். தேச எல்லைகளை அறியாத அறிவியல் உலகுக்கு இவ்வுடன்படிக்கை இன்றியமையாதது என்றும், மாக்னா கார்ட்டாவின் வரிசையில் இடம்பெறத் தக்கது என்றும் அவர் போற்றினார். அறிவியலாளர்கள் வழி திறந்தார்கள், அரசுகள் பின்தொடர்ந்தன என்ற வரலாற்றுச் சித்திரம் நிலைபெற இத்தகைய சாட்சியங்கள் பெரிதும் உதவின. பாடநூல்களும் நினைவுநாள் உரைகளும் இன்றும் அதையே திரும்பச் சொல்கின்றன. அச்சித்திரம் உடன்படிக்கையின் இரண்டு, மூன்றாம் பிரிவுகளுக்குப் பொருந்தும். அதன் அச்சாணியாகிய நான்காம் பிரிவுக்குப் பொருந்தாது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

கூல்டின் பார்வைக்கு வலுவான சான்றுகள் உள்ளன. அவற்றைக் குறைத்து மதிப்பிட்டு மறுப்பது நேர்மையாகாது. 1957 ஜூலை 1 முதல் 1958 டிசம்பர் 31 வரை நீடித்த புவி இயற்பியல் ஆண்டில் பன்னிரண்டு நாடுகள் அண்டார்க்டிகப் பகுதியில் பணியாற்றின. 1959 டிசம்பர் 1 அன்று வாஷிங்டனில் கையெழுத்திட்டவை அதே பன்னிரண்டு நாடுகள்தாம். உடன்படிக்கையின் முகவுரை அந்த ஆண்டைப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. அப்போது நடைமுறையில் இருந்த ஆய்வுச் சுதந்திரம் தொடரும் என்கிறது இரண்டாம் பிரிவு. ஆனால் உடன்படிக்கைத் தரப்பினர் தங்களைப் பற்றித் தாங்களே எழுதிக்கொண்ட அறிமுகம்தான் முகவுரை என்பது. தம் ஒத்துழைப்புக்கு எந்தக் காரணத்தை உலகம் நம்ப வேண்டும் என அவர்கள் விரும்பினார்கள் என்பதற்கு அது சான்றாகும். எந்தக் காரணம் அவர்களை மேசைக்குக் கொண்டுவந்தது என்பதற்கு அது மட்டும் போதாது. பனிப்படலத்தின் தடிமனை அளக்க வந்தவருக்கு அந்த நிலம் யாருக்குச் சொந்தம் என்ற கேள்விக்கு விடை தேவையில்லை. உள்ளே செல்ல அனுமதி கிடைத்தால் போதும். நான்காம் பிரிவோ சொந்தம் யாருக்கு என்ற கேள்வியை மட்டுமே பேசுகிறது. முன்பு கோரிய இறையாண்மையை யாரும் கைவிட்டதாகக் கொள்ளக் கூடாது. பிறருடைய கோரிக்கையை ஏற்றதாகவோ மறுத்ததாகவோ கொள்ளக் கூடாது. உடன்படிக்கைக் காலத்தில் நிகழும் எச்செயலும் எந்த உரிமைக்கும் அடிப்படையாகாது. புதிய கோரிக்கை கூடாது, பழையதை விரிப்பதும் கூடாது. இது ஆய்வுக்கூடத்தில் பிறந்த சிந்தனை அன்று, வழக்கறிஞர் சிந்தனை.

அச்சிந்தனையின் தடம் 1948இல் தெளிவாகத் தெரிகிறது. பிரிட்டன், அர்ஜென்டினா, சிலி ஆகிய மூன்றின் கோரிக்கைகள் அண்டார்க்டிகத் தீபகற்பத்தில் ஒன்றன்மேல் ஒன்று படிந்திருந்த காலம் அது. அண்டார்க்டிகாவில் நிலம் கோரிய ஏழு நாடுகளும் தானும் சேர்ந்த எட்டு நாடுகளின் கூட்டு ஆளுகை ஒன்றை அமெரிக்கா முன்மொழிந்தது. அதை விளக்கச் சாந்தியாகோ சென்ற அமெரிக்க அதிகாரியிடம் சிலியின் பன்னாட்டுச் சட்டப் பேராசிரியர் ஹூலியோ எஸ்குதேரோ மாற்று யோசனை ஒன்றைச் சொன்னார். இறையாண்மையைப் பகிரவும் வேண்டாம், விட்டுக்கொடுக்கவும் வேண்டாம். ஐந்து முதல் பத்து ஆண்டுகளுக்கு, அங்கு யார் என்ன செய்தாலும் அது எவருடைய உரிமையையும் கூட்டாது, குறைக்காது என எல்லோரும் ஒப்புக்கொள்வோம் என்பதே அதன் சாரம். மறு ஆண்டு ஜனவரியில் அந்த மூன்று நாடுகளும் 60ஆம் தென் அட்சரேகைக்குத் தெற்கே போர்க்கப்பல் அனுப்புவதில்லை என அறிவித்து, அதை ஆண்டுதோறும் புதுப்பித்து வந்தன. உடன்படிக்கை பின்னர் தன் எல்லையாகக் கொண்டதும் அதே அட்சரேகையே. இவ்வளவும் நடந்தபோது புவி இயற்பியல் ஆண்டு என்ற யோசனையே எழுந்திருக்கவில்லை. அது 1950இல்தான் முன்வைக்கப்பட்டது.

1948க்கும் 1959க்கும் இடையிலான இடைவெளியை நிரப்பும் ஆவணம், 1955 ஜூலையில் பாரிஸில் கூடிய முதல் அண்டார்க்டிக மாநாட்டின் தீர்மானம். கூல்டின் வழி வந்தோர் இம்மாநாட்டை அறிவியல் அரசியலை வென்ற தருணமாகக் காட்டுவர். மாநாட்டின் நோக்கம் முற்றிலும் அறிவியல் சார்ந்தது என்று தலைவர் லாக்லாவேர் அறிவித்தது உண்மைதான். ஆனால் அர்ஜென்டினாவும் சிலியும் வலியுறுத்திய தீர்மானம், புவி இயற்பியல் ஆண்டுக்கான ஏற்பாடுகள் தற்காலிகமானவை, அவை அண்டார்க்டிகாவில் நிலவும் நிலையை மாற்றா என்று பதிவு செய்தது. அறிவியல் உள்ளே நுழைவதற்கான விலையாக அரசுகள் விதித்த நிபந்தனை இது. நிலையம் அமைக்கும் இடங்களிலும் அரசியல் வாடை வீசியது. தாமதமாக வந்த சோவியத் பிரதிநிதி பெலூசோவ் தென்துருவத்தில் நிலையம் கேட்டபோது, அந்த இடம் ஏற்கெனவே அமெரிக்காவுக்கு ஒதுக்கப்பட்டுவிட்டது என்று பதில் வந்தது. ஆறு நாடுகளின் கோரிக்கைகள் கூடும் புள்ளி தென்துருவம். அங்கே அமர்பவர் ஆறிலும் ஒரே சமயத்தில் கால் வைக்கிறார். சோவியத் யூனியனின் மீர்னி, வஸ்தோக் நிலையங்கள் இரண்டுமே ஆஸ்திரேலியா கோரிய பகுதிக்குள் எழுந்தன. அந்த நிலையங்கள் கலையப்போவதில்லை என்று புலப்பட்டதும், உரிமைகளை அப்படியே உறைய வைக்கும் ஏற்பாடு கான்பெராவுக்கும் அவசரத் தேவையாயிற்று.

எஸ்குதேரோவின் யோசனையே பாரிஸ் தீர்மானமாகவும், பின் நான்காம் பிரிவாகவும் நேராக வளர்ந்தது என்று கூறலாமா? ஒப்புமை வேறு, வம்சாவளி வேறு. செயல்களுக்குச் சட்ட விளைவு இல்லை என்ற கூறு 1948லும் 1959லும் ஏறத்தாழ ஒன்றே. பாரிஸ் தீர்மானம் நிலவும் நிலை மாறாது என்பதோடு நின்றுவிடுகிறது. ஆகவே இடைக்கண்ணி உறுதியானதன்று. எனினும் 1959 உடன்படிக்கையில் சிலியின் சார்பில் கையெழுத்திட்டோரில் எஸ்குதேரோவும் ஒருவர் என்பதைத் தற்செயல் என்று ஒதுக்க முடியாது. 1948 யோசனை சோவியத் யூனியனை வெளியே நிறுத்தியது, கால வரம்பு கொண்டது, படைவிலக்கமும் ஆய்வுநிலையச் சோதனையும் அதில் இல்லை, எனவே இரண்டும் வெவ்வேறு என்று மறுப்பாளர் கூறலாம். வேறுபாடு உண்மை. தற்காலிக உறைவை முடிவுநாள் இல்லாத உறைவாக்கும் துணிவையும், மாஸ்கோவை உள்ளே சேர்ப்பதற்கான தகுதி அளவுகோலையும் தந்தது புவி இயற்பியல் ஆண்டுதான். அறிவியல் தந்தது வாய்ப்பும் வரம்பும். பூட்டின் பொறி அதற்கு முன்பே செய்யப்பட்டிருந்தது.

கூல்டின் சித்திரத்தில் முற்றிலும் விடுபட்டுப்போன மற்றொரு காரணி இந்தியா. 1956 பிப்ரவரியில் ஐ.நா.வில் இந்தியப் பிரதிநிதி ஆர்தர் லால், அண்டார்க்டிகா பற்றிய கேள்வியைப் பொதுச்சபையின் நிகழ்ச்சி நிரலில் சேர்க்கக் கோரினார். அக்கண்டம் அணு வெடிச் சோதனைக் களமாகிவிடக் கூடாது என்ற கவலை அதன் பின்னணியில் இருந்தது. நிலம் கோரிய நாடுகள் கடுமையாக எதிர்க்க, அம்முன்மொழிவு திரும்பப் பெறப்பட்டது. 1958 ஜூலையில் அது மீண்டும் முன்வைக்கப்பட்டது; வாஷிங்டனில் பன்னிரண்டு நாடுகளின் ஆயத்தக் கூட்டங்கள் அதற்கு முந்தைய மாதமே தொடங்கியிருந்தன. இந்தியா மீண்டும் பின்வாங்கியது. இந்திய முயற்சி அக்கூட்டங்களை எவ்வளவு விரைவுபடுத்தியது என்பதை அளந்து சொல்வது கடினம். காலவரிசை மட்டும் காரணத்தை நிறுவாது. ஆயினும் பொதுச்சபையில் எல்லா நாடுகளும் பேசும் விவாதத்தைவிடத் தமக்குள் பேசி முடிப்பது மேல் என்ற எண்ணத்துக்கு அது உரமிட்டிருக்க வேண்டும். அணு வெடிப்பைத் தடை செய்யும் ஐந்தாம் பிரிவு இந்தியாவின் கவலைக்கு விடை தந்தது. ஆனால் விடை எழுதப்பட்ட மேசையில் இந்தியாவுக்கு இடமில்லை. அந்த உடன்படிக்கையில் இந்தியா 1983இல்தான் சேர்ந்தது.

எனவே அறிவியலை மூலமாகவும் அரசியலை விளைவாகவும் வைக்கும் வாசிப்பைத் திருத்திக்கொள்ள வேண்டும். 1952 பிப்ரவரியில் அண்டார்க்டிகத் தீபகற்பத்தின் ஹோப் விரிகுடாவில் கரையிறங்கிய பிரிட்டிஷ் குழுவினரின் தலைக்கு மேல் அர்ஜென்டினர் இயந்திரத் துப்பாக்கியால் சுட்டனர். 1955இல் பன்னாட்டு நீதிமன்றத்தில் பிரிட்டன் தொடுத்த வழக்கு, எதிர்த்தரப்புகள் அதிகார வரம்பை ஏற்காததால் மறு ஆண்டே பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. மோதலாலும் முடியவில்லை, வழக்காலும் முடியவில்லை. முடிவெடுக்காமல் இருப்பதையே ஒப்பந்தமாக்கும் வழிதான் எஞ்சியிருந்தது. நான்காம் பிரிவு அந்த வழியின் சட்ட வடிவம். அது எந்த உரிமைகோரலையும் தீர்க்கவில்லை. ஏழு கோரிக்கைகளும் இன்றுவரை கைவிடப்படாமலே இருக்கின்றன.